நூற்று நாற்பது வரி மௌனம்

தூரின்,
4 மார்ச் 1971

அன்புள்ள தம்பி தெல்மோவுக்கு,

அக்கா எழுதுகிறேன். முட்டிவலியைத் தவிர எனக்கு வேறு குறையில்லை. உன் பெண்டாட்டி நோர்மா கொடுத்தனுப்பிய சீஸ் வந்து சேர்ந்தது. ரயிலில் யாரோ அதன்மேல் உட்கார்ந்து வந்திருக்கிறார்கள், ஆனாலும் தின்று முடித்துவிட்டேன். கிறிஸ்துமஸுக்குப் பிறகு உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. சலூனில் நாள் முழுக்க வாய் ஓயாமல் பேசுகிறவனுக்கு அக்காவுக்கு எழுத மட்டும் நேரம் கிடைக்கவில்லை போலிருக்கிறது.

காரியத்துக்கு வருகிறேன். அக்டோபரில் ரோமில் பேராசிரியர் பதவிக்கான தேர்வு. எனக்கு இது மூன்றாவது முறை, வயது ஐம்பத்தொன்று. இந்தத் தடவையும் விட்டால் ஓய்வு பெறும்வரை துணை ஆசிரியராகவே நின்று கரும்பலகை துடைக்க வேண்டியதுதான்.

என் புத்தகம் உனக்குத் தெரியும். தெரியாவிட்டாலும் போன ஈஸ்டருக்கு உன் காதில் போட்டிருக்கிறேன். இரண்டாயிரம் வருஷத்துக்கு முந்தைய ரோமானிய நகைச்சுவை நாடகம் ஒன்று, எழுதியவன் பெயர் கிடையாது. அதில் பிஸ்தோ என்ற அடிமை நான்கு அங்கம் வாய் ஓயாமல் பேசி எஜமானை ஏமாற்றுகிறான். ஐந்தாம் அங்கத்தில் குட்டு உடைகிறது, கையைக் கட்டி நடுவில் நிறுத்துகிறார்கள். அப்போது அவன் ஒரு வார்த்தை பேசுவதில்லை. நூற்று நாற்பது வரி, தம்பி. எல்லோரும் பேசுகிறார்கள், அவன் மட்டும் வாயைத் திறப்பதில்லை. அவன் வரிகள் இருந்த ஏடு தொலைந்துவிட்டது என்றார் ஒரு ஜெர்மானியர். அடிமை பயத்தில் மயங்கிவிட்டான் என்றார் ஒரு பிரெஞ்சுக்காரர். எழுதியவனே அவனை மறந்துவிட்டான் என்கிறார் தேர்வுக்குழுத் தலைவர் பெர்சியானி. இல்லை, எஜமானர்கள் பேச்சில் சேர மாட்டேன் என்ற மறுப்பு அது என்று நான் நானூற்றுப் பன்னிரண்டு பக்கம் எழுதியிருக்கிறேன். பதினோரு வருஷ உழைப்பு.

"காகிதத்துல நல்லாத்தான் இருக்கு அம்மா, மேடையில நிக்குமா?" என்று பெர்சியானி எல்லோர் முன்னாலும் கேட்டுவிட்டார். ஜூன் மாதம் அவர் நம் ஊருக்குப் பக்கத்து வெந்நீர் ஊற்றுக்குத்தான் சிறுநீரகத்துக்காக வருவார். புனித யோவான் திருநாளுக்கு உன் நாடகக்குழு இதைப் போட வேண்டும். மொழிபெயர்ப்பு இத்துடன் வருகிறது. அந்தக் காலம் போலவே முகமூடி, எல்லா வேஷமும் ஆண்கள்தான். ஒரு வரி வெட்டக் கூடாது.

உன் அக்கா,
அர்ஜியா

*

மோந்தெகார்தோ,
19 மார்ச் 1971

அன்புள்ள அக்கா,

உன் கட்டளை கிடைத்தது. வேண்டுகோள் என்று எழுதும் பழக்கம் உனக்கு எப்போது வரப்போகிறதோ.

நாடகம் படித்தேன். நோர்மா அடுப்பை விட்டு வந்து ஏன் சிரிக்கிறேன் என்று பார்த்துவிட்டுப் போனாள். பிஸ்தோ வேஷம் எனக்குத்தான், அதில் மறுபேச்சுக்கு இடமில்லை. ஆனால் ஒரு சிக்கல். எங்கள் குழுவில் இப்போது நான்கே பேர். நான், தபால்கார எவாரிஸ்தோ, கூட்டுறவுக் கடை நெல்லோ, கால்நடை வைத்தியர் வீட்டுச் சாந்தே. மற்ற இருவரும் ஜெர்மனிக்குத் தொழிற்சாலை வேலைக்குப் போய்விட்டார்கள். உன் நாடகத்தில் ஒன்பது வேஷம். பெண்களைச் சேர்த்துக்கொள்ளட்டுமா? நோர்மாவுக்கு ஆசைதான், வெளியே சொல்ல மாட்டாள்.

இன்னொன்று. கடைசி அங்கத்தைச் சலூனில் முகம் மழிக்க வந்தவர்களுக்குப் படித்துக் காட்டினேன். "நேத்து வரைக்கும் வாய் கிழியப் பேசினவன், இப்ப என்ன நாக்கு வெந்துபோச்சா?" என்று கேட்கிறார்கள். "ஐயா, தப்புப் பண்ணிட்டேன்" என்று ஒரே ஒரு வரி சேர்த்துக்கொள்ளட்டுமா? சின்ன வரிதான்.

உன் தம்பி,
தெல்மோ

*

தூரின்,
2 ஏப்ரல் 1971

தம்பி,

கூடாது. நீ அந்த ஒரு வரியைச் சேர்த்தால் என் நானூற்றுப் பன்னிரண்டு பக்கத்தையும் உன் சலூனில் சோப்பு நுரை துடைக்க வைத்துக்கொள்ளலாம். நோர்மாவுக்கும் கூடாது, அவளிடம் நான் மன்னிப்புக் கேட்டதாகச் சொல். ரோமானிய மேடையில் பெண் நடித்ததில்லை, பெர்சியானி அதைத்தான் முதலில் பிடிப்பார்.

ஆள் இல்லையென்றால் ஒருவனே இரண்டு மூன்று வேஷம் போடுங்கள், முகமூடி மாற்றினால் முடிந்தது. அந்தக் காலத்திலும் சில்லறை வேஷங்களுக்கு அப்படித்தான் செய்தார்கள். என் புத்தகத்தில் ஒன்பதாம் பக்க அடிக்குறிப்பில் இருக்கிறது. பிஸ்தோ மட்டும் முதன்மை வேஷம், அதைப் போடுகிறவன் வேறு வேஷத்துக்கு இறங்க மாட்டான்.

மௌனத்தின்போது மேடையில் ஒரே ஒரு விளக்கு அவன்மேல் விழட்டும். நீ தயவுசெய்து மூக்கைச் சொறியாதே.

அக்கா

*

மோந்தெகார்தோ,
16 மே 1971

அன்புள்ள அக்கா,

இந்தக் கடிதத்தை உட்கார்ந்து படி. காபி குடித்துவிட்டுப் படித்தால் இன்னும் நல்லது.

நீ சொன்னபடி வேஷங்களைப் பங்கிட உட்கார்ந்தோம். சலூன் கண்ணாடியில் சோப்பால் கட்டம் போட்டேன், யார் எப்போது உள்ளே போகிறான், எப்போது வெளியே வருகிறான் என்று. எல்லாம் சரியாக வந்தது, பக்கத்து வீட்டுக் கிழவரைத் தவிர. அவரைப் போட ஆளே இல்லை, அவர் வரும்போதெல்லாம் மற்ற மூன்று பேரும் வேறு வேஷத்தில் மேடையில் நிற்கிறார்கள். நான் மட்டும்தான் மிச்சம். சரி, பிஸ்தோவையும் கிழவரையும் நானே போட்டுப் பார்ப்போம் என்று ஆரம்பித்தேன்.

அக்கா, அவர்கள் இருவரும் சந்திப்பதே இல்லை. நான்கு அங்கத்திலும் பிஸ்தோ உள்ளே போனால் யாராவது ஒருவன் தனியாக நின்று இருபது வரி புலம்புகிறான், பிறகு கிழவர் வருகிறார். கிழவர் போனால் மறுபடி இருபது வரிப் புலம்பல், பிஸ்தோ வருகிறான். எவாரிஸ்தோ கைக்கடிகாரத்தை வைத்துப் பார்த்தான். முகமூடியும் அங்கியும் மாற்ற எனக்கு எவ்வளவு நேரம் ஆகிறதோ அவ்வளவுதான் அந்தப் புலம்பல்.

ஐந்தாம் அங்கத்தில் மட்டும் இருவரும் ஒன்றாக நிற்கிறார்கள். எஜமான், மகன், ஆயா, கிழவர் என்று பேச்சு நான்கு பேருக்கு, குரலும் நான்குதான் இருக்கிறது. நான் கிழவராகப் பேசியே தீர வேண்டும். அப்படியென்றால் பிஸ்தோ முகமூடிக்குள் வேறொரு தலை வேண்டும். ரொட்டி கொண்டுவந்த பேக்கரி அட்டிலியோ அண்ணனைப் பிடித்து மாட்டிவிட்டோம். "இவரு பேசலாமா?" என்று நெல்லோ கேட்டான். "வாயைத் திறந்தா ஆள் மாறினது கழுதைக்குக்கூடத் தெரிஞ்சுபோகுமேடா" என்றேன். சொல்லி முடித்த பிறகுதான் நான் சொன்னது என் காதிலேயே விழுந்தது.

அந்தக் காலத்துக் குழுவிலும் ஆள் நான்குதான் இருந்திருக்கும். பிஸ்தோ மறுக்கவில்லை அக்கா. பிஸ்தோ அங்கே இல்லவே இல்லை. முகமூடியை மாட்டிக்கொண்டு நின்றவன் மூட்டை தூக்க வந்த எவனோ.

நான் தப்பாகவும் இருக்கலாம், நான் முடிவெட்டுகிறவன். யாரிடமும் சொல்ல மாட்டேன். எவாரிஸ்தோ மட்டும் தபாலட்டை படிப்பான், அதனால்தான் உறையில் போட்டு ஒட்டியிருக்கிறேன்.

தெல்மோ

*

தூரின்,
20 மே 1971

தெல்மோ,

நீ முடிவெட்டுகிறவன். முடியை வெட்டு.

அர்ஜியா

*

தூரின்,
29 மே 1971

அன்புள்ள தம்பி,

போன கடிதத்தைக் கிழித்துப் போட்டுவிடு. நோர்மா படித்திருந்தால் அவளிடமும் அதையே சொல்.

எண்ணிப் பார்த்தேன். லத்தீன் மூலத்தை வைத்து அந்தப் புலம்பல்களை ஒவ்வொரு வரியாக எண்ணினேன். இருபத்திரண்டு, பத்தொன்பது, இருபத்தொன்று, இருபது. தப்பு எதுவுமில்லை. பதினோரு வருஷம் அந்த நாடகத்தைப் படுக்கையில் வைத்து, ரயிலில் வைத்து, பல் வைத்தியர் வீட்டில் வைத்துப் படித்திருக்கிறேன். நாலு பேரைக் கூட்டி நிற்கவைத்துப் பார்க்கத் தோன்றவில்லை. எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை என்பதில் ஓர் ஆறுதல். அந்த ஜெர்மானியருக்கும் சலூன் இல்லை.

உன்மேல் கோபம் போகவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

புத்தகம் ஏற்கெனவே தேர்வுக்குழுவிடம் போய்விட்டது, திரும்ப வாங்க முடியாது. பெர்சியானியும் நாடகத்துக்கு வருவதாகப் பதில் போட்டுவிட்டார். நிறுத்தினால் சந்தேகப்படுவார். நான்கு பேர் முகமூடி மாற்றுவதைப் பார்த்தால் அவர் அரை நிமிஷத்தில் கண்டுபிடித்துவிடுவார், அந்த மனுஷனுக்குக் கழுகுக் கண். தயவுசெய்து எங்கிருந்தாவது ஐந்தாவது ஆள் ஒருவனைப் பிடி. தயவுசெய்து என்று எழுதியிருக்கிறேன், கவனித்தாயா? இங்கே பரீட்சை நடப்பதால் என்னால் வர முடியாது.

உன் அக்கா

*

மோந்தெகார்தோ,
26 ஜூன் 1971

அன்புள்ள அக்கா,

முதலில் நல்ல சேதி, பிறகு பாவ அறிக்கை.

ஐந்தாவது ஆள் கிடைத்தான், நோர்மாவின் சித்தி மகன். இரண்டு வாரம் ஒத்திகைக்கு வந்தான். திருநாளன்று காலை பொன்னுக்கு வீங்கி, கிழவர் முகமூடிக்குள் அவன் தலை போகவில்லை. வேறு வழியில்லாமல் நான்கு பேர்தான் போட்டோம். கடைசியில் கையைக் கட்டிக்கொண்டு நின்றது அட்டிலியோ அண்ணன்தான்.

ஊரே சிரித்தது. பாதிரியார் நாற்காலியோடு சாய்ந்தார். பெர்சியானி முன் வரிசையில் முழங்காலில் கை வைத்து, சிறுநீரகம் போய்விடும்போல் சிரித்தார். கடைசிக் காட்சியில் மட்டும் அவர் சிரிப்பு நின்றுவிட்டது. மாட்டிக்கொண்டோம் என்று கிழவர் முகமூடிக்குள் எனக்கு வேர்த்துக் கொட்டியது.

மறுநாள் காலை முகம் மழிக்க என் சலூனுக்கே வந்து உட்கார்ந்தார். நுரை போட்டு, கத்தியைத் தொண்டைப் பக்கம் கொண்டு போனபோது கேட்கிறார்.

"அந்த அடிமையா நடிச்சது யாரு?"

"நான்தாங்க."

"கடைசிக் காட்சியிலயும்?"

"வேற யாருங்க?"

"அப்ப அந்தப் பக்கத்து வீட்டுக் கிழவர்?"

"அது என் தம்பிங்க."

"உங்கக்கா தனக்கு ஒரே தம்பின்னுல்ல சொன்னாங்க?"

"அவன் பிரான்ஸ்ல இருக்கான், திருநாளுக்கு மட்டும் வந்தான். வீட்டுல அவனைப் பத்தி யாரும் பேசறதில்லைங்க."

அவர் கண்ணை மூடிக்கொண்டார். அப்படியே, "முப்பது வருஷமா அந்த எழுத்தாளன் அடிமையை மறந்துட்டான்னு பாடம் நடத்தியிருக்கேன். நேத்து அந்த ஆள் நின்ன நிலையைப் பார்த்துட்டு எனக்குச் சாப்பாடு இறங்கலை. உங்கக்கா சொல்றதுதான் சரி. என் ஓட்டு அவங்களுக்குத்தான், என் ஓட்டு எங்கே போகுதோ மத்த நாலும் அங்கேதான் போகும்" என்றார்.

ஒரு கீறல் இல்லாமல் மழித்து முடித்தேன். அக்கா, பதவி உன்னுடையது. அக்டோபரில் நீ செய்ய வேண்டியது ஒன்றே ஒன்றுதான், வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருப்பது. உன்னால் முடியாதது அதுதான் என்று தெரியும், ஆனாலும் முயற்சி செய்.

உன் ஒரே தம்பி,
தெல்மோ

*

தூரின்,
8 ஜூலை 1971

என் இரண்டு தம்பிகளில் மூத்தவனுக்கு,

உன் கடிதத்தைப் பல்கலைக்கழகப் படிக்கட்டிலேயே நின்று படித்தேன். சத்தமாகச் சிரித்ததில் காவலாளி தண்ணீர் கொண்டுவந்தார். கடவுள் உன் பொய்யை மன்னிக்கட்டும், நான் மன்னித்துவிட்டேன்.

முப்பது வருஷமாக எனக்குப் பின்னால் வந்த ஆண்பிள்ளைகள் எல்லாம் எனக்கு முன்னால் போய் உட்காருவதைப் பார்த்திருக்கிறேன். ஒரு தடவையாவது அந்த நாற்காலியில் உட்கார்ந்து பார்க்க ஆசையாக இருக்கிறது, தெல்மோ. வாயை மூடிக்கொள்கிறேன். தேர்வு நாற்பது நிமிஷம்தானே. பதவி கைக்கு வந்த பிறகு மெதுவாக ஒரு கட்டுரையில் உண்மையைச் சொல்லிக்கொள்ளலாம், யார் படிக்கப் போகிறார்கள்?

அட்டிலியோவுக்கு என் நன்றியைச் சொல்.

உன் அக்கா

*

ரோம்,
14 அக்டோபர் 1971

அன்புள்ள தம்பி,

ரயில் நிலையத்தில் உட்கார்ந்து எழுதுகிறேன். கையெழுத்து கோணலாக இருந்தால் பெஞ்சைத் திட்டு.

ஐந்து பேர் உட்கார்ந்திருந்தார்கள். பெர்சியானி எழுந்து என் புத்தகத்தைக் கால் மணி நேரம் புகழ்ந்தார். என் பெயரை அவர் அப்படி உச்சரித்து நான் கேட்டதே இல்லை. நான் கையைக் கட்டிக்கொண்டு, நூற்று நாற்பதுவரை மனதுக்குள் எண்ணிக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். முப்பத்தொன்றுவரை வந்தேன். அப்போது அவர், "நான் என் கண்ணால பார்த்தேன். அந்த ஆள் தோளைச் சாய்ச்சு, ஒரு கால்ல பாரம் போட்டு நின்னான். அந்த நிலைக்கு முன்னால என் முப்பது வருஷப் பாடம் ஒண்ணுமில்லாமப் போச்சு" என்றார்.

ஒரு காலில் பாரம் போட்டு நிற்பது யார்? அடுப்பு முன்னால் முப்பது வருஷம் நின்று இடுப்புப் பிடித்துப்போன அட்டிலியோ. அவர் நின்றதற்கு உன்னைப் புகழ்ந்து என்னிடம் பதவியைத் தருகிறார்கள். எனக்கு முகத்தில் தீயை வைத்ததுபோல் வெட்கமாகிவிட்டது.

"அங்க நின்னது என் தம்பி இல்லைங்க. அது எங்க ஊரு பேக்கரிக்காரர்" என்றேன்.

பிறகு நிறுத்த முடியவில்லை, உனக்குத்தான் என்னைத் தெரியுமே. சோப்புக் கட்டம், இருபது வரிப் புலம்பல், நான்கு குரல், ஐந்து முகமூடி எல்லாம் சொன்னேன். ஒருவர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். பெர்சியானி மட்டும் சிவந்துபோய், "அப்ப பிரான்ஸ்ல இருக்கிற தம்பி?" என்றார். "அப்படி ஒருத்தன் பிறக்கவே இல்லைங்க" என்றேன்.

பதவி, ரோமானிய மேடைக் கதவுகளின் கீல்களைப் பற்றி எழுதிய ஒருவருக்குப் போய்விட்டது. நல்ல புத்தகம்தான், கீல்கள் எங்கேயும் ஓடிப்போகவில்லை. வெளியே வந்து இந்த பெஞ்சில் உட்கார்ந்து நன்றாக அழுதேன். நீ என்னை நினைத்து உன்னையே திட்டிக்கொள்ளாதே. உன்மேல் கோபம் போய்விட்டது, எப்போது போனது என்று தெரியவில்லை.

அழுது முடித்த பிறகு ஒன்று தோன்றியது. அந்தக் காலத்திலும் யாரோ ஒருவன் அங்கே நின்றிருக்கிறான். குழுவுக்கு மூட்டை தூக்கியவன், நிஜமாகவே விலைக்கு வாங்கப்பட்டவன். நான் பதினோரு வருஷம் பொய் அடிமையைப் பற்றி எழுதிக்கொண்டிருந்தேன். நிஜ அடிமை அந்த முகமூடிக்குள் நின்றுகொண்டிருந்தான். அவனைக் கேட்க இப்போது முடியாது. ஆனால் நம் ஆளையும் இதுவரை ஒருவரும் கேட்கவில்லை. உனக்கும் தோன்றவில்லை, எனக்கும் தோன்றவில்லை.

அட்டிலியோவைக் கூப்பிட்டு உட்காரவை. அங்கே நின்றபோது எங்கே பார்த்தார், என்ன நினைத்தார், என்ன சொல்ல வேண்டும்போல் இருந்தது, எல்லாம் கேள். அவர் சொல்வதை ஒரு வார்த்தை மாற்றாமல் எழுதி அனுப்பு. முதல் பக்கத்திலிருந்து மறுபடி ஆரம்பிக்கப் போகிறேன்.

உன் அக்கா,
அர்ஜியா

*

மோந்தெகார்தோ,
19 அக்டோபர் 1971

அன்புள்ள அக்கா,

உன் கடிதம் வந்ததும் சலூன் பின்பக்கம் போய் நானும் கொஞ்சம் அழுதேன். நோர்மா பார்த்துவிட்டு நோட்டுப் புத்தகத்தைக் கையில் திணித்து, "அழுதது போதும், போய் அவரைக் கூப்பிடு" என்றாள்.

அட்டிலியோ அண்ணன் மாவுக் கையோடு வந்தார். பெரிய நாற்காலியில் உட்காரச் சொன்னேன். முடிவெட்டத்தான் என்று நினைத்துத் தொப்பியைக் கழற்றினார். விஷயத்தைச் சொன்னதும், "என்னையா கேக்குறாங்க?" என்றார். இரண்டு தடவை கேட்டு உறுதி செய்துகொண்டார். அப்புறம் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்:

"கையைக் கட்டினதும் மூக்கு அரிச்சுது. அது பெரிசில்ல. தண்டனையா இவனை மாவு மில்லுல அரைக்க அனுப்பலாமா, வேணாமான்னு பேச்சு நடக்குது. அப்பன்கிட்ட மகன் கேக்குறான், மகன்கிட்ட ஆயா கேக்குறா, ஆயாகிட்ட கிழவன் கேக்குறான். நான் நடுவுல நிக்கிறேன். என்னைத் தவிர எல்லாரையும் கேட்டுட்டாங்க. ஒத்திகையில இது நாடகம்னுதான் இருந்தேன். அன்னைக்கு ஊரே பார்த்துக்கிட்டு இருக்கறப்ப எனக்குக் கோவம் வந்துருச்சு. தெல்மோ, நீதான் அந்தக் கிழவன்னு தெரியும், இருந்தாலும் உன்மேல வந்துச்சு. முப்பது வருஷமா இந்த ஊருக்கு ரொட்டி போடுறேன். உப்புக் கூடிப்போச்சுன்னு சொல்லத்தான் ஆள் வருது. மில்லைப் பத்தி எனக்கு என்னென்ன தெரியும், கேட்டிருந்தா சொல்லியிருப்பேன்."

"இப்ப சொல்லுங்கண்ணே" என்றேன்.

காலை ஒன்பது மணிக்கு ஆரம்பித்தார். இப்போது பதினொன்றரை. நோட்டு தீர்ந்துபோய் நோர்மா சமையல் கணக்கு நோட்டைக் கொண்டுவந்து கொடுத்திருக்கிறாள், இந்தக் கடிதத்தையும் அவர் தண்ணீர் குடிக்கும் இடைவெளியில்தான் எழுதுகிறேன். எவாரிஸ்தோ தபால் பையோடு வாசலில் நிற்கிறான். நுரை போட்டுவிட்ட மூன்று பேர் அப்படியே உட்கார்ந்திருக்கிறார்கள். கன்னத்தில் சோப்பு காய்ந்துவிட்டது, ஒருவரும் எழுந்து போகவில்லை.

உன் தம்பி,
தெல்மோ